செவாலியே தெயோனை பிரான்ஸ் ஏன் கைகழுவ முடியவில்லை?

பதினெட்டாம் நூற்றாண்டுப் பிரெஞ்சுத் தூதர் செவாலியே தெயோன் பெண் வேடத்தில் ரஷ்ய அரண்மனைக்குள் புகுந்து உளவு பார்த்தது உண்மையா, ஊருக்குத் திரும்பச் சொன்ன ஆணையை மீறி லண்டனிலேயே உட்கார்ந்துகொண்டவருக்கு பிரான்ஸ் தண்டனைக்குப் பதில் ஆண்டுதோறும் பணம் கொடுத்தது ஏன், காணொளிக்கு எழுதுகிறேன் என்று கேட்டிருக்கிறீர்கள். பார்க்க இரண்டு கேள்வி, உள்ளே இருப்பது ஒன்றுதான்: இந்த மனிதருக்கு அவ்வளவு பிடி எப்படிக் கிடைத்தது? என் பதில், காகிதத்தால். இன்னும் குறிப்பாக, 1763 ஜூன் 3 தேதியிட்ட ஒரு கடிதத்தால். உடை விவகாரம் பல ஆண்டு கழித்து வந்து சேர்ந்தது. பின்னால் கதை எழுதியவர்கள் அதைத் தூக்கி முன்னால் வைத்துவிட்டார்கள்.

சந்தேகமே இல்லாதவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். பிறந்தது 1728 அக்டோபர் 5, பர்கண்டிப் பகுதியில் ஒயினுக்குப் பேர்போன தொனேர் என்ற சிற்றூரில். பிரபு குடும்பம் என்றதும் கோட்டை கொத்தளம் என்று நினைக்க வேண்டாம். அப்பா வழக்கறிஞர், அரசருக்குச் சேர வேண்டிய நில வருவாயைக் கவனித்த அதிகாரி. பட்டம் உண்டு, பெரிய சொத்து இல்லை. பிள்ளை பாரிஸில் படித்து 1749-இல் சட்டப் பட்டம் வாங்கினார், வாள்வீச்சில் பெயரெடுத்தார், எழுத்து வேலைக்குப் போனார். இப்படிப்பட்ட குடும்பத்துப் பையன் மேலே வர வேண்டுமானால் பெரிய இடத்து ஆதரவு வேண்டும், அந்த ஆதரவு ஒரே நாளில் போகவும் கூடும். பின்னால் நடந்ததெல்லாம் இதை வைத்துப் பார்த்தால்தான் பிடிபடும்.

அடுத்து 'அரசரின் ரகசியம்' என்று பேர்பெற்ற அமைப்பு. பிரெஞ்சு அரசர் பதினைந்தாம் லூயி தன் வெளியுறவு அமைச்சருக்கே தெரியாமல் நடத்திய இரண்டாவது வெளியுறவுத் துறை இது. 1740-களின் நடுவில், அரசரின் உறவினரான கோன்தி இளவரசரை போலந்து அரியணையில் ஏற்றும் ஆசையில் தொடங்கியது. ஆசை பலிக்கவில்லை, அமைப்பு மட்டும் தங்கிவிட்டது. வேலை நடந்த விதம் இது: தூதருக்கு அமைச்சரிடமிருந்து முறையான உத்தரவு போகும். அதே தூதரகத்தில் இருக்கும் செயலருக்கோ தூதருக்கோ, சங்கேத எழுத்தில் இன்னொரு கடிதம் தெர்சியே என்பவர் மூலம் போகும். இரண்டும் ஒன்றுக்கொன்று முரணாகவும் இருக்கலாம். அமைப்பை நடத்தியவர் புரோலி பிரபு. அவரை 1762-இல் லூயியே அரசவையிலிருந்து நார்மண்டிக்கு விலக்கி அனுப்பினார், ரகசிய வேலையை அங்கிருந்தபடி தொடரச் சொன்னவரும் அதே லூயிதான். தெர்சியே வெளியுறவு அமைச்சகத்திலேயே உயர் அலுவலர். தத்துவவாதி எல்வேசியஸ் எழுதிய சர்ச்சைக்குரிய நூலொன்றைத் தணிக்கையாளராகப் பார்த்து அனுமதித்ததற்காக 1759-இல் அந்த வேலையை இழந்தார், ரகசிய வேலையை இழக்கவில்லை. கடிதங்களில் அரசருக்கு 'வக்கீல்', புரோலிக்கு 'வக்கீலின் பதிலாள்', தெயோனுக்கு 'டிராகன் தலை' என்று புனைபெயர்கள்.

இந்த ஏற்பாட்டில் ஒரு பெரிய ஓட்டை உண்டு. ரகசிய ஆளை அமைச்சர் வேலையிலிருந்து நீக்கினால், 'அவன் என் ஆள், விடு' என்று அரசரால் வாய்திறக்க முடியாது. திறந்தால் அமைப்பே அம்பலம். அதனால் நீக்க உத்தரவில் அவரும் கையெழுத்துப் போட்டாக வேண்டும். தெயோன் விஷயத்தில் அப்படியே நடந்தது.

ரஷ்யாவுக்கு வருவோம். 1756-இல் மெக்கன்சி டக்ளஸ் என்ற ஸ்காட்லாந்துக்காரரின் செயலராக தெயோன் பீட்டர்ஸ்பர்க் போனார், 1760 வரை பிரெஞ்சுத் தூதரகத்தில் வேலை பார்த்தார், 'ரகசியம்' அமைப்பில் சேர்ந்ததும் அந்தச் சமயத்தில்தான். இதற்கெல்லாம் கடிதங்கள் உள்ளன. 'லியா தெ பொமோன்' என்ற பெயரில் பாவாடை கட்டிக்கொண்டு ரஷ்ய அரசி எலிசபெத்துக்குப் புத்தகம் வாசித்துக்காட்டும் பெண்ணாக இருந்தார் என்பதற்கு அக்கால ஆவணம் ஒன்றுகூட இல்லை. அங்கிருந்து போன கடிதங்கள் எல்லாவற்றிலும் அவர் தூதரகச் செயலர்தான். கதை நம்பும்படி இருப்பதற்குக் காரணம், எலிசபெத்தின் அரசவையில் ஆண்கள் பெண் உடையிலும் பெண்கள் ஆண் உடையிலும் வரும் நடன விருந்துகள் உண்மையிலேயே நடந்தன. பெண்ணுடையில் செய்த சேவையைப் பாராட்டி லூயி எழுதியதாகச் சுற்றும் 1763 அக்டோபர் கடிதத்தைப் போலி என்றே ஆராய்ச்சியாளர்கள் தள்ளிவிட்டார்கள். அதை மேற்கோள் காட்டாதீர்கள்.

ரஷ்யாவிலிருந்து திரும்பியதும் டிராகூன் குதிரைப்படையில் கேப்டனாக 1761-இல் ஜெர்மானியப் போர்முனையில் சண்டையிட்டார், காயமும் பட்டார். அடுத்த ஆண்டு, பிரிட்டனும் பிரான்ஸும் மோதிய ஏழாண்டுப் போரை முடிக்கும் பேச்சுக்காக லண்டன் போன நிவெர்னே பிரபுவுக்குச் செயலரானார். நம் ஊருக்கும் இந்த உடன்படிக்கைக்கும் நேரடித் தொடர்பு உண்டு. 1761 ஜனவரியில் ஆங்கிலேயரிடம் விழுந்து, தரைமட்டமாக்கப்பட்ட புதுச்சேரி பிரெஞ்சுக்காரர் கைக்குத் திரும்பியது 1763 பிப்ரவரி 10 பாரிஸ் உடன்படிக்கையின் 11-ஆவது பிரிவின்படிதான். அதை தெயோன் சாதித்தார் என்று எழுதிவிடாதீர்கள், அவர் அப்போது செயலர் மட்டுமே. ஆனால் பிரிட்டிஷ் அரசர் ஒப்பமிட்ட உடன்படிக்கையை பிரெஞ்சு அரசவை இருந்த வெர்சாய்க்குக் கொண்டுபோனவர் அவர், அதற்காகவே செயின்ட் லூயி சிலுவை என்ற ராணுவ விருது கிடைத்தது. பிரிட்டிஷ் அதிகாரி ராபர்ட் வுட் விருந்துக்கு வந்தபோது தொனேர் ஒயினை ஊற்றிக் கொடுத்து, அவர் பையிலிருந்த உத்தரவைப் பிரதி எடுத்துவிட்டோம் என்றொரு கதையும் உண்டு. அதைச் சொன்னவர் தெயோனேதான். சொல்லும்போது 'அவர் கூற்றுப்படி' என்று சேர்த்துவிடுங்கள்.

இனி அந்த 1763. நிவெர்னே ஊர் திரும்பினார், அடுத்த தூதர் கெர்ஷி பிரபு வரத் தாமதமானது. இடைப்பட்ட மாதங்களில் தெயோன் முதலில் பொறுப்புத் தூதர், ஜூலையில் முழு அதிகாரத் தூதர். தொனேர் வழக்கறிஞர் மகனுக்கு இது மலையுச்சி. பதவிக்கேற்ற வீடு, விருந்து, ஒயின் என்று செலவை அவர் இழுத்துவிட, யார் கொடுப்பது என்று அமைச்சர் பிராலினோடும் கெர்ஷியோடும் சண்டை மூண்டது. இதே சமயத்தில்தான் மறுபக்கத்திலிருந்து ஜூன் 3 கடிதம் வந்தது. இங்கிலாந்தின் கடற்கரையையும் உள்நாட்டையும் அளந்து பார்க்கும் வேலை பற்றி புரோலி அல்லது தெர்சியே மூலம் வரும் கட்டளையை என் கட்டளையாகவே எடுத்துக்கொள், எந்த உயிருள்ள மனிதரிடமும் சொல்லாதே, என் அமைச்சர்களிடமும்தான் என்பது அதன் சாரம். எழுதியது அரசர். நோக்கம் எதிர்காலப் படையெடுப்பு. கரையை அளக்க லா ரோசியேர் என்ற ராணுவப் பொறியாளரும் அனுப்பப்பட்டார். சமாதானம் கையெழுத்தாகி நான்கு மாதம்கூட ஆகவில்லை என்பதைக் கவனியுங்கள். இந்தக் காகிதம் லண்டன் நாடாளுமன்ற எதிர்க்கட்சியினர் கையில் சிக்கினால் அடுத்த போருக்கு அதுவே போதும்.

அக்டோபரில் கெர்ஷி வந்தார். தெயோன் மறுபடி செயலர் நிலைக்கு இறங்க வேண்டும், பிறகு ஊர் திரும்ப வேண்டும் என்று உத்தரவு. அவர் மறுத்தார், தூதரகக் காகிதங்களையும் கொடுக்கவில்லை. அக்டோபர் 28 விருந்தில் கெர்ஷி தன் ஒயினில் அபின் கலந்தார் என்று குற்றம் சாட்டினார், அதற்குத் திடமான சான்று கிடையாது. பிடித்து அனுப்புங்கள் என்று பிரான்ஸ் கேட்டதற்கு, எங்கள் சட்டத்தில் அதற்கு இடமில்லை என்றது பிரிட்டன். 1764 மார்ச்சில் தெயோன் தூதரகக் கடிதங்களைத் தடித்த புத்தகமாக அச்சிட்டு வெளியிட்டார். 'கெர்ஷிக்கு எழுதவே வராது' என்று அமைச்சரே அந்தரங்கமாக எழுதியிருந்த வரியும் அதில் அச்சேறியது. லண்டன் முழுக்க அதே பேச்சு.

அந்தப் புத்தகத்தில் எது இருந்தது என்பதைவிட எது இல்லை என்பதைத்தான் பார்க்க வேண்டும். ஜூன் 3 கடிதமும் 'ரகசியம்' சம்பந்தப்பட்ட எதுவும் அதில் இல்லை. அமைச்சகத்தின் மானத்தை வாங்கிவிட்டு, அரசரின் ரகசியத்தை மட்டும் பத்திரமாகக் கையில் வைத்துக்கொண்டார். புத்தகம் வந்த கையோடு தெர்சியேவுக்கு ஒரு கடிதம் போட்டு, எதிர்க்கட்சிக்காரர்கள் பணம் தரத் தயாராக இருப்பதையும் நினைவூட்டினார். சுத்தமான மிரட்டல்தான் இது, ஆனால் சொன்ன விதம் விசுவாசமான ஊழியனின் புலம்பல் போல இருக்கும். அந்தக் காலத் தூதரகக் கடிதங்களை வாசித்துப் பழகியவர்களுக்கு இந்தத் தொனி நன்றாகத் தெரியும்.

வழக்குகள் இரண்டு பக்கமும் நடந்தன. கெர்ஷி போட்ட அவதூறு வழக்கில் 1764 ஜூலையில் தெயோன் ஆஜராகாமலே குற்றவாளி என்று தீர்ப்பானது, 1765-இல் சட்டப் பாதுகாப்பு இழந்தவராக அறிவிக்கப்பட்டார். ஆனால் அதே 1765 மார்ச்சில், தெயோனைக் கொல்ல கெர்ஷி தன்னைக் கூலிக்கு அமர்த்தினார் என்று வெர்ஜி என்பவர் சாட்சி சொல்ல, கொலை முயற்சிக்காகத் தூதர் மேலேயே வழக்குத் தொடரலாம் என்று லண்டன் ஜூரி சொல்லிவிட்டது. அரசுத் தலைமை வழக்கறிஞர் தலையிட்டு அதை நிறுத்தினார். கடைசியில் லூயி பணிந்தார். 1766 ஏப்ரல் 1 தேதியிட்டுத் தன் கையாலேயே எழுதிக்கொடுத்தார்: ஆண்டுக்கு 12,000 லீவ்ர் (அக்காலப் பிரெஞ்சுப் பணம்). பதிலுக்கு ஜூலையில் தெயோன் அந்தக் கடிதத்தை லண்டனிலிருந்த பிரெஞ்சுப் பிரதிநிதி துராந்திடம் ஒப்படைத்தார். துராந்த் எழுதிக்கொடுத்த ரசீதில், கடிதம் இரட்டைத் தோல்தாளில் சுற்றி, நிலவறைச் சுவரின் அடித்தளத்திலிருந்து எடுத்த ஒரு செங்கல்லைக் குடைந்து, அதற்குள் வைத்துப் பூசி மூடப்பட்டிருந்தது என்று இருக்கிறது. பணம் வாங்கியவர் மீண்டும் அரசருக்கே உளவு எழுதத் தொடங்கினார். உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடை இந்தச் செங்கல்தான். மற்ற ரகசியக் கடிதங்களை அவர் அப்போதும் விடவில்லை என்பதால் பேரம் அதோடு முடியவில்லை.

பெண் என்ற வதந்தி லண்டனில் பரவியது 1770 வாக்கில். பந்தயம் கட்டியது தெருவோரச் சூதாடிகள் மட்டுமல்ல, தரகர்கள் இன்ஷூரன்ஸ் பாலிசி போலவே எழுதிக் கொடுத்தார்கள். 15 கினி (அக்கால ஆங்கிலப் பொற்காசு) வாங்கிக்கொண்டு, தெயோன் பெண் என்று நிரூபணமானால் 100 கினி தருவதாக ஒப்பந்தம். இப்படிப் பணம் கட்டிய ஹேய்ஸ் என்ற அறுவை மருத்துவர், ஜாக்ஸ் என்ற தரகர் மேல் போட்ட வழக்கு 1777 ஜூலை 1 அன்று நீதிபதி மான்ஸ்ஃபீல்டு முன் வந்தது. மருத்துவர் ஒருவரும் மொராந்த் என்ற பத்திரிகையாளரும் 'பெண்தான், எங்களுக்குத் தெரியும்' என்று சாட்சி சொன்னார்கள், ஜூரி ஹேய்ஸுக்கு 700 பவுண்டு கொடுக்கச் சொன்னது. 'இங்கிலாந்து நீதிமன்றம் தெயோனைப் பெண் என்று அறிவித்தது' என்று பல இடங்களில் எழுதுவது இதை வைத்துத்தான். சரியாகச் சொன்னால், அது இரண்டு பந்தயக்காரர்களின் பண வழக்கு. தெயோன் அதில் கட்சிக்காரரே இல்லை, அவரை யாரும் பரிசோதிக்கவும் இல்லை. அடுத்த ஆண்டே, மூன்றாம் மனிதரைப் புண்படுத்தி ஆபாச சாட்சியத்துக்கு வழிவைக்கும் இப்படிப்பட்ட பந்தயத்தை வைத்து வழக்காட முடியாது என்று அதே மான்ஸ்ஃபீல்டு தீர்ப்பளித்தார். தனக்குச் சம்பந்தமில்லாத விஷயத்தில் பாலிசி எடுப்பதை 1774-ஆம் ஆண்டுச் சட்டமும் ஏற்கெனவே தடுத்திருந்தது.

இதற்கிடையே 1774 மே 10-இல் பதினைந்தாம் லூயி இறந்தார். பேரன் பதினாறாம் லூயி 'ரகசியம்' அமைப்பை மூடினார். எஞ்சிய காகிதங்களை மீட்க 1775-இல் லண்டன் போனவர் நாடக ஆசிரியர் பொமார்ஷே. ஃபெரர்ஸ் பிரபுவிடம் கடனுக்கு ஈடாக இருந்த இரும்புப் பெட்டியைப் பணம் கட்டித் திறந்தார்கள். முக்கியமானவை அதில் இல்லை. பிறகு ப்ரூயர் தெருவில் தன் படுக்கையறைத் தரைப்பலகைக்கு அடியிலிருந்து முத்திரையிட்ட ஐந்து பெட்டிகளை தெயோன் எடுத்துக் கொடுத்தார் என்று பொமார்ஷே எழுதினார். அவர்கள் செய்துகொண்ட ஒப்பந்தத்தில் தேதி அக்டோபர் 5 என்று இருக்கிறது, கையெழுத்தானது நவம்பரில். ஷரத்துகள் இவை: மறைந்த அரசரின் கடிதங்கள் முழுவதையும் ஒப்படைக்க வேண்டும், 1767-இல் இறந்துவிட்ட கெர்ஷியின் வாரிசுகள் மேல் இனி எந்த வழக்கும் கூடாது, தான் பெண் என்று ஒப்புக்கொண்டு சாகும்வரை பெண்ணுடையில் இருக்க வேண்டும். பதிலுக்கு அந்த 12,000 லீவ்ர் ஆயுள் முழுவதற்கும் உறுதி, செயின்ட் லூயி சிலுவை அணியலாம், டிராகூன் சீருடை ஒன்றையும் ஆயுதங்களையும் நினைவுப் பொருளாக வைத்துக்கொள்ளலாம்.

இதில் அரசுக்கு என்ன லாபம்? கெர்ஷியின் மகன் தந்தைக்காகப் பழிவாங்கக் காத்திருந்தார், ஒரு பெண்ணை வாள்சண்டைக்கு அழைக்க முடியாது. முன்னாள் உளவாளி இனி ராணுவப் பதவியோ தூதர் பதவியோ கேட்கவும் முடியாது. அரசின் கணக்கு இவ்வளவு தெளிவு. தெயோனின் கணக்குதான் கலங்கலானது. பணத்துக்காகவும் ஊர் திரும்பவும் ஒப்புக்கொண்டார் என்பது ஒரு தரப்பு. அது அவர் விரும்பி எடுத்த முடிவு, பெண்களின் பெருமை பேசும் நூல்களை அவர் ஏராளமாகச் சேர்த்திருந்ததே சாட்சி என்பது இன்னொரு தரப்பு. இரண்டாவதன் பக்கம் நான் கொஞ்சம் சாய்கிறேன். பிரெஞ்சுப் புரட்சியில் பென்ஷன் நின்று, ஒப்பந்தத்தால் கட்டுப்பட வேண்டிய அவசியமே போன பிறகும் அவர் பாவாடையைக் கழற்றவில்லை. ஆனால் இது ஊகம்தான். சொத்துக்கு வாரிசு வேண்டி அப்பா தன்னை ஆண்பிள்ளையாக வளர்த்தார் என்று அவர் பிற்காலத்தில் எழுதிவைத்ததற்கு வேறு ஆதாரம் இல்லை, தொனேர் ஞானஸ்நானப் பதிவேட்டில் ஆண் குழந்தை என்றுதான் இருக்கிறது.

மீதியைச் சுருக்கமாகச் சொல்லலாம். 1777 ஆகஸ்டில் அவர் டிராகூன் சீருடையிலேயே வெர்சாய்க்கு வந்து நின்றார். சீருடையைக் கழற்று, பெண்ணுடை தவிர வேறெதிலும் நாட்டில் தலைகாட்டாதே என்று உடனே அரசாணை பிறந்தது. அரசி மரி அந்துவானெத்துக்கு உடை தைத்த ரோஸ் பெர்த்தேன் உடுப்பு தைத்துக் கொடுத்தார். அமெரிக்க விடுதலைப் போருக்குப் போகிறேன் என்று அடம்பிடித்ததற்காக 1779-இல் டிஜோன் நகரக் கோட்டையில் மூன்று வாரம் போல அடைத்து வைத்தார்கள். 1785-இல் மீண்டும் லண்டன். 1787 ஏப்ரல் 9 அன்று வேல்ஸ் இளவரசர் முன்னிலையில், அக்காலத்தின் தலைசிறந்த வாள்வீரர் செயின்ட் ஜார்ஜுடன் கறுப்புப் பாவாடையில் வாள்வீசினார், அப்போது வயது 58. பிறகு பிழைப்புக்கே வாள்வீச்சுக் காட்சி நடத்த வேண்டி வந்தது, 1796-இல் சவுதாம்ப்டனில் பட்ட காயத்தோடு அதுவும் நின்றது. 1804-இல் கடனுக்காகச் சிறை. 1810 மே 21-இல் லண்டனில் இறந்தார். இரண்டு நாள் கழித்து உடலைப் பரிசோதித்த மருத்துவர் கோப்லாண்ட், ஆண் உறுப்புகள் முழுமையாக அமைந்திருந்தன என்று சான்றெழுதினார். பல ஆண்டு கூடவே வசித்த கோல் என்ற விதவை மூதாட்டிக்கும் அதுவரை தெரியாது. மார்பு பருத்தும் கைகால்கள் உருண்டும் இருந்ததையும் பார்த்தவர்கள் குறித்திருக்கிறார்கள். அதை வைத்து இன்றைக்கு மருத்துவப் பெயர் எதையும் சூட்டுவது சரியில்லை, அவ்வளவு தகவல் அந்தக் குறிப்பில் கிடையாது.

காணொளிக்கு வேண்டியது: ஒரு தகவல் எங்கிருந்து வருகிறது என்று பின்னோக்கிப் போய்ப் பாருங்கள். 1836-இல் கயார்தே என்பவர் 'நினைவுக் குறிப்புகள்' என்ற பெயரில் வெளியிட்ட நூலில் போய் முடிந்தால் அதை விட்டுவிடுங்கள். அதில் பாதி கற்பனை என்று பின்னாளில் அவரே ஒப்புக்கொண்டார். லியா கதையும் அரசிகளோடு காதல் கதைகளும் ஊர் முழுக்கப் பரவியது அதிலிருந்துதான். முகப்புப் படத்துக்கு எல்லோரும் எடுத்துப்போடும் பாதி ஆண், பாதி பெண் உருவம் 1777-ஆம் ஆண்டு லண்டன் மாத இதழில் வந்த கேலிச்சித்திரம். அதை 'ரஷ்ய அரண்மனையில் தெயோன்' என்று தலைப்பிட்டுப் போடாதீர்கள். நேரில் பார்த்து வரைந்ததை ஒட்டிய உருவம் வேண்டுமானால், லண்டன் தேசிய உருவப்படக் கூடம் 2012-இல் வாங்கிய தாமஸ் ஸ்டூவர்ட்டின் 1792 ஓவியம் இருக்கிறது: கறுப்பு உடை, இறகு வைத்த தொப்பி, மார்பில் செயின்ட் லூயி சிலுவை, மோவாயில் சவரம் செய்த நிழல்.